சைக்கிளின் நிழலில் கைவைக்காதீர்கள்

யோகா போய்விட்ட செய்தி எனக்கு இரண்டு தடவை வந்தது. முதலில் அவளுடைய தங்கை சுகந்தி தொலைபேசியில் சொன்னாள். "நஸீர் அண்ணை, அக்கா விடிய எழும்பேல்லை" என்றாள். இன்னா லில்லாஹி என்று வாய் சொன்னது, வாசற்படியில் உட்கார்ந்துவிட்டேன். இரண்டாவது தடவை அன்று மத்தியானம் கைத்தொலைபேசியில் வந்தது. நாங்கள் இருவரும் முன்பு வேலை செய்த கம்பனி தன்னுடைய இணையப் பக்கத்தில் அஞ்சலி போட்டிருந்தது. "எங்கள் குடும்பத்தில் ஒருவரை இழந்தோம்" என்று தொடங்கி, நாலு வரி கண்ணீர், கீழே யோகா செய்த படம் ஒன்று. முதல் செய்திக்கு அழுதேன். இரண்டாவது செய்திக்கு வந்த கோபம் இதை எழுதும்போதும் இறங்கவில்லை.

அந்தப் படத்தை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். கண்டி ஹந்தானை மலைச்சரிவில் ஓடு போட்ட ஒரு ஹோட்டல், முன்னால் புல்வெளி, வாசலில் சாத்திவைத்த ஒரு சைக்கிள். கணினியில் யோகா கட்டிய ஹோட்டல் அது. மண்ணில் அதற்கு ஒரு கல்கூட வைக்கப்படவில்லை. படத்தில் சூரியன் இடப்பக்கம் இருக்கிறது. மரம், தூண், கூரை எல்லாவற்றின் நிழலும் வலப்பக்கம் விழுகிறது. சைக்கிளின் நிழல் மட்டும் இடப்பக்கம், சூரியனைப் பார்த்தபடி கிடக்கும். யோகா அதை வேண்டுமென்றே அப்படிப் போட்டாள். கம்பனி போட்ட அஞ்சலியில் அந்த நிழலும் வலப்பக்கம் விழுந்திருந்தது. அடப் பாவிகளா! செத்து ஒரு பகல் முடியவில்லை, அதற்குள் அவளைத் திருத்திவிட்டார்கள்.

கீழே ஆட்கள் கேட்டிருந்ததைப் படித்தேன். "ஆழ்ந்த அனுதாபங்கள். இந்த ஹோட்டல் எந்த ரோட்டில்?" என்று ஒருவர். "பிள்ளைகளுடன் தங்கலாமா?" என்று இன்னொருவர். கம்பனி அதற்கெல்லாம் சிவப்பு இதயம் போட்டிருந்தது. இல்லாத ஹோட்டலுக்கு அறை கேட்கிறான் ஒருவன், இவர்கள் கூச்சநாச்சம் இல்லாமல் இதயம் போடுகிறார்கள்.

முதலாளிக்குத் தொலைபேசி எடுத்தேன். அவர் பெயரை இங்கே எழுதமாட்டேன்; எழுதினால் அதுவும் அவருக்கு விளம்பரம். வயதாகிவிட்டது, குரல் நடுங்குகிறது, ஆனால் பேச்சு மாறவில்லை. "நஸீர் தம்பி, அந்தப் பொண்ணு கடைசியா போறப்ப ஒரு பிழையோட போகக்கூடாதுன்னுதான் நாங்க திருத்தினோம். மரியாதைக்குத்தான் செஞ்சது" என்றார். "மரியாதையா? அது பிழையில்ல, முதலாளி. அது எப்படி வந்திச்சுன்னு ஒங்களுக்குத் தெரியாதா?" என்று கேட்டேன். "பழைய கதையெல்லாம் இப்ப எதுக்குப்பா" என்று வைத்துவிட்டார். எதுக்கு என்று இங்கே சொல்கிறேன்.

யாழ்ப்பாணத்து வழக்கப்படி முப்பத்தோராம் நாளுக்கு ஒரு நினைவுப் புத்தகம் அச்சடித்து வந்தவர்களுக்குக் கொடுப்பார்கள். கல்வெட்டு என்று அதற்குப் பெயர். அதில் எழுதச் சொல்லி சுகந்தி கேட்டாள். சைவக் கல்வெட்டில் மடவளைச் சோனகன், ஒரு முஸ்லிம், எழுதுகிறேன் என்று யாரும் முகம் சுளிக்க வேண்டாம்; கேட்டது அவள். இறந்தவரை அவர் என்று எழுதுவதுதான் மரியாதை. ஆனால் யோகாவை அவர் என்று எழுதினால் அவளே சிரிப்பாள், ஆகவே அவள் என்றே எழுதுகிறேன். அஞ்சலியில் இவ்வளவு கோபமா என்று நினைப்பவர்கள் தயவுசெய்து பக்கத்தைத் திருப்புங்கள். அடுத்த பக்கத்தில் தேவாரம் இருக்கிறது.

யோகா போரிலே வீட்டை இழந்து யாழ்ப்பாணத்திலிருந்து கண்டிக்கு வந்தவள். கட்டுக்கலையில் ஒரு அறை எடுத்துத் தங்கியிருந்தாள். கட்டடப் படம் வரையும் வேலைக்குத்தான் இருவரும் அந்தக் கம்பனியில் சேர்ந்தோம், ஏறத்தாழ ஒரே வயது. சேர்ந்த முதல் நாளே என்னுடைய படத்தைப் பார்த்து, "உந்தப் படியில ஏறினா மனிசர் விழுந்து சாவினம் காணும்" என்றாள். பார்த்தேன், படியின் உயரம் பிழைதான். அவளோடு எனக்குக் கோபமும் சிநேகமும் ஒரே நாளில் தொடங்கின.

ஒரு நாள் முதலாளி சிங்கப்பூரிலிருந்து ஒரு கணினி கொண்டுவந்தார். கட்டாத கட்டடத்தைப் படமாகக் காட்டும் மென்பொருள் அதில் இருந்தது. இப்போது எல்லாரும் ரெண்டர் என்று லேசாகச் சொல்கிறார்கள். அன்றைக்கு அது லேசான காரியம் இல்லை. திரையில் எதுவும் தெரியாது. எழுத்தும் இலக்கமும் மட்டும்தான். சுவர் எங்கே, சூரியன் எங்கே, பார்க்கிறவனுடைய கண் எங்கே என்று ஒவ்வொன்றையும் இலக்கமாகத் தட்டவேண்டும். தட்டி முடித்துக் கட்டளை கொடுத்தால் படம் மேலிருந்து வரி வரியாக இறங்கும். காலையில் போட்டால் சாயங்காலம் முடியும். நடுவில் மின்சாரம் போனால் எல்லாம் போச்சு, மறுபடி முதலிலிருந்து. அந்தக் காலத்தில் உலகத்தில் எவன் இந்த மென்பொருளைத் தொட்டாலும் முதலில் செய்வது பளபளப்பான ஒரு உருண்டைதான். யோகா ஒரு சில்வர் டம்ளர் செய்தாள். "உருண்டையை வச்சு என்ன செய்யிறது? இதிலயெண்டா தேத்தண்ணி குடிக்கலாம்" என்றாள்.

படம் வந்த பிறகு அதைக் காகிதத்தில் எடுப்பது இன்னொரு பாடு. வண்ணத்தில் அச்சிடும் இயந்திரம் எங்களிடம் இல்லை. ஆகவே ஜன்னலை அடைத்து, திரையின் மேல் கறுப்புத் துணி கட்டி, உள்ளே கமராவை வைத்துத் திரையையே போட்டோ எடுப்போம். பிறகு பிலிமை ஸ்டூடியோவில் கொடுத்துக் கழுவி எடுப்போம். போஸ்ட்காட் அளவில் மினுமினுப்பான தாளில் வரும், பின்பக்கம் ஸ்டூடியோவின் முத்திரை. கொஞ்சம் மங்கலாக இருக்கும். அந்த மங்கலில் அது அசல் கட்டடத்தைத் தூரத்திலிருந்து எடுத்த போட்டோ போலவே இருக்கும். அதை நினைத்து நாங்கள் இரண்டு பேரும் பெருமைப்பட்டோம். பைத்தியங்கள்.

மாத்தளையில் இருந்த ஒருவருக்கு விடுதி ஒன்று கட்டும் எண்ணம் வந்தது. யோகா அதைப் பறவை பார்ப்பது போல மேலிருந்து காட்டினாள்: கூரை, முற்றம், உள்ளே போகும் பாதை, பின்வாசல் எல்லாம் தெரியும்படி. முதலாளி படத்தைப் பார்த்து நாக்கைச் சப்புக்கொட்டினார். "நீங்களே கொண்டுபோய்க் குடுத்துட்டு வாங்கம்மா" என்று அவளை மாத்தளை பஸ்ஸில் அனுப்பினார். கண்டியில் குண்டு வெடித்து ஊரே நடுங்கிக்கொண்டிருந்த காலம். அடையாள அட்டையில் பிறந்த இடம் யாழ்ப்பாணம் என்று இருக்கும் ஒரு பெண்ணின் கையில், ஆகாயத்திலிருந்து எடுத்தது போன்ற ஒரு கட்டடத்தின் போட்டோவைக் கொடுத்து அனுப்பினார் மனிதர். கட்டுகஸ்தோட்டைப் பாலத்துக் காவலரணில் பஸ்ஸை நிறுத்திப் பையைத் திறந்தார்கள்.

அந்த பஸ்ஸின் கண்டக்டர் எங்கள் மடவளைக்காரர். திரும்பி வந்ததும் நேரே எங்கள் கம்பனிக் கந்தோருக்கு ஏறி வந்தார். "நஸீர், ஒங்களோட வேலை செய்யிற அந்த யாப்பாணத்துப் புள்ளய எறக்கிட்டாங்க. கையில என்னமோ போட்டோ ஈந்திச்சாம்" என்றார். நான் முதலாளியின் அறைக்கு ஓடினேன். நான் விஷயத்தைச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவருடைய மேசையில் தொலைபேசி அடித்தது. பொலிஸ். இந்தப் பெயரில் ஒரு பெண் உங்களிடம் வேலை செய்கிறாளா என்று கேட்டிருக்கிறார்கள். முதலாளி என்னைப் பார்த்தார். என்னைப் பார்த்துக்கொண்டே சிங்களத்தில் சொன்னார்: "இல்லையே சேர். அப்படி யாரையும் எங்களுக்குத் தெரியாது."

அந்த வாயால்தான் இன்றைக்குக் குடும்பத்தில் ஒருவர் என்கிறார்.

பயம் எனக்கும் புரியும். அவரும் தமிழர், கடை கண்ணி வைத்திருப்பவர், கலவரத்தில் ஒரு தடவை கடை எரிந்து மீண்டவர். போகப் பயமென்றால் போகாமல் இருந்திருக்கலாம். வக்கீல் ஒருவரை அனுப்பியிருக்கலாம். "ஆமாம், அது எங்கள் வேலை" என்று ஒரு வசனம் சொல்லியிருந்தால் அன்று சாயங்காலமே அவள் வீடு வந்திருப்பாள். இல்லை என்று சொன்னதால் கேஸ் வேறு விதமாகத் திரும்பியது. வேலை செய்யாத இடத்தின் பெயரைச் சொல்லிப் பொய் பேசுகிறாள் என்று எழுதிக்கொண்டார்கள்.

அடுத்து நடந்ததை யோகா பிறகு சிரித்துக்கொண்டு சொன்னாள். அந்தச் சிரிப்பைக் கேட்டால் உங்களுக்கு அழுகை வரும். இன்ஸ்பெக்டர் ஒருவர் அவளை ஜீப்பில் ஏற்றி, கட்டடம் இருக்கும் இடத்தைக் காட்டச் சொன்னார். அவளும் காட்டினாள். அங்கே புல் இருந்தது, இரண்டு எருமை மேய்ந்துகொண்டிருந்தன.

"கட்டடம் எங்கே?" என்று அவர் சிங்களத்தில் கேட்டார்.

"இன்னும் கட்டேல்லை, சேர்."

"கட்டாத கட்டடத்தை எப்படிப் போட்டோ எடுத்தாய்?"

"போட்டோ எடுக்கேல்லை சேர், நான் செய்தது."

"இது போட்டோத் தாள். ஸ்டூடியோக்காரன் பிலிம் கழுவிக் கொடுத்ததை ஒத்துக்கொண்டுவிட்டான்."

ஸ்டூடியோக்காரர் சொன்னதும் உண்மை, அவள் சொன்னதும் உண்மை. அந்தக் கட்டடம் வேறு எங்கோ இருக்கிறது, இடத்தை மாற்றிக் காட்டுகிறாள் என்று முடிவு செய்து திருப்பிக் கொண்டுபோய் அடைத்தார்கள். எங்கள் தொழிலில் இருப்பவளுக்கு மட்டும் வரக்கூடிய வில்லங்கம் இது. திறமையாகச் செய்ததுதான் அவள் செய்த குற்றம்.

சில நாளாகியும் அவளை விடவில்லை என்றதும் நான் கந்தோரில் இருந்த கணினியின் வயரைப் பிடுங்கினேன். "மெசின எடுத்துட்டுப் போனா திரும்பி இந்தப் பக்கம் வராதே" என்று முதலாளி கத்தினார். "வர மாட்டேன், நீங்களே குந்தி இலக்கம் தட்டுங்க" என்று சொல்லிவிட்டு, பெட்டியையும் திரையையும் த்ரீவீலரில் ஏற்றி மடியில் அணைத்துக்கொண்டு பொலிஸ் நிலையத்துக்குப் போனேன். வாசலில் நின்றவன் அதைக் குண்டு என்று நினைத்துத் துவக்கை நீட்டினான். கையைத் தூக்கிக்கொண்டு நின்றேன். சத்தம் கேட்டு இன்ஸ்பெக்டர் வெளியே வந்ததால் தப்பினேன்.

அவரிடம் ஒன்றைத்தான் கேட்டேன்: "அந்தப் படம் பிறக்கிறதைக் காட்டுகிறேன், உட்கார்ந்து பாருங்கள்." என்ன நினைத்தாரோ, ஒரு மேசையை ஒழித்துக் கொடுத்தார். யோகாவைக் கூட்டி வந்து கதிரையில் இருத்தினார்கள். உடுப்பு கசங்கி, முகம் வீங்கி இருந்தது. உள்ளே அந்த நாட்களில் என்ன நடந்தது என்று அவள் பிறகும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. என்னைப் பார்த்ததும், "மொனிட்டரின்ர வயர் கொண்டந்தனீரா?" என்று கேட்டாள். படத்தைச் சின்னதாக்கிப் போட்டோம், பின்னேரத்துக்குள் முடியட்டும் என்று. முதலில் ஆகாயம் வரி வரியாக வந்தது. இன்ஸ்பெக்டர் தேத்தண்ணி குடித்துக்கொண்டு பார்த்தார். மலை வந்தது. கூரையின் முகடு தெரிந்த நேரம் மின்சாரம் போனது. யோகா மேசையில் தலையை வைத்துவிட்டாள். இன்ஸ்பெக்டர் எழும்பி, ஜெனரேட்டரைப் போடச் சொல்லிச் சத்தம் போட்டார். மறுபடி ஆகாயத்திலிருந்து தொடங்கினோம். இந்தத் தடவை வேறு பொலிஸ்காரர்களும் வந்து பின்னால் நின்றார்கள். கூரை வந்தது, சுவர் வந்தது, கையிலிருந்த போட்டோவை இன்ஸ்பெக்டர் திரைக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"அப்படியென்றால் இது பொய்யா?" என்றார்.

"ஓம் சேர், பொய்தான்" என்றாள் யோகா.

"பொய் என்றால் பொய் என்று தெரிகிற மாதிரிச் செய்ய வேண்டாமா?"

வாராவாரம் வந்து கையெழுத்துப் போடவேண்டும் என்ற நிபந்தனையோடு விட்டார்கள். வெளியே வந்து, மெசினை த்ரீவீலரில் கந்தோருக்குத் திருப்பி அனுப்பிவிட்டு நாங்கள் பஸ்ஸுக்கு நிற்கும்போது என்னிடம் சொன்னாள்: "அந்தாள் கேட்டது நியாயம்தான். உள்ள போட்டது நியாயமில்லை."

கொஞ்ச நாளில் முதலாளி ஆள் அனுப்பினார். எங்கள் இரண்டு பேரையும் விட்டால் அந்த மெசினை ஓட்ட அவரிடம் ஆள் இல்லை. நான் போகமாட்டேன் என்று நின்றேன். "விசரே உமக்கு? மெசின் அங்கதானே இருக்கு. அந்தாளுக்காக ஆர் போறது?" என்று யோகா என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். முதலாளி அவளிடம், "புரிஞ்சுக்கம்மா, நிலைமை அப்படி" என்றார். அவள் அவருடைய முகத்தைப் பார்க்காமல் கதிரையை இழுத்துப் போட்டு வேலையைத் தொடங்கினாள். அன்று செய்த படத்தில்தான் முதல் தடவையாக ஒரு பூச்சாடியின் நிழல் சூரியனைப் பார்த்து விழுந்தது.

நான் பிழை என்று நினைத்துச் சொன்னேன். "பிழையில்லை" என்றாள். "சூரியனுக்குப் பூச்சாடியைக் காட்டாமல் விட்டிட்டு, அதுக்கு மட்டும் எதிர்ப்பக்கத்தில ஒரு விளக்கு வச்சிருக்கிறன். பேர் என்ன தெரியுமே? இன்ஸ்பெக்டர்." திரையில் பார்த்தேன், விளக்கின் பெயர் உண்மையாகவே அப்படித்தான் இருந்தது. அதன் பிறகு அவள் செய்த கட்டாத கட்டடம் எதிலும் அந்த விளக்கு இல்லாமல் இருந்ததில்லை. ஒரு படத்தில் வாளி, இன்னொன்றில் தபால்பெட்டி, ஹந்தானை ஹோட்டலில் சைக்கிள். இல்லாததை இருக்கிறது என்று இனி ஒருவனும் நம்பக்கூடாது, நம்பி ஒருத்தியை இழுத்துக்கொண்டு போகக்கூடாது. அதுதான் அவளுடைய சத்தியம்.

மென்பொருள் மாறிக்கொண்டே வந்தது. இலக்கம் தட்டுவது போய், சுட்டியால் பிடித்து இழுக்கும் காலம் வந்தது. ஆனாலும் வெளிச்சம் சுவரில் பட்டுத் திரும்பும் என்று அந்த மென்பொருளுக்குத் தெரியாது. விறாந்தைக்குள் ஒரே இருட்டாக வரும். யோகா தூணுக்குப் பின்னால், கூரைக்குக் கீழே என்று சின்னச் சின்ன மங்கல் விளக்குகளை ஒளித்து வைத்து அந்தத் திரும்பும் வெளிச்சத்தைக் கையால் உண்டாக்குவாள். அவள் விளக்கு வைத்த விறாந்தையில் மழைக்காலமா வெயில்காலமா என்று பார்த்தவுடனே சொல்லலாம். பிறகு வெளிச்சம் எத்தனை தடவை தெறிக்கும் என்று மென்பொருளே கணக்கெடுக்கத் தொடங்கியது. முதலாளிக்குக் கொண்டாட்டம். "இனி யாரு வேணும்னாலும் செய்யலாம்" என்று அவள் காதில் விழும்படி சொன்னார். அந்த வருடம் அவளுடைய பெயரைப் படங்களின் மூலையிலிருந்து எடுத்துவிட்டுக் கம்பனியின் பெயரை மட்டும் போட்டார். நான் சண்டைக்குப் போனேன். "விடும். பேரை எடுக்கலாம், இன்ஸ்பெக்டரை எடுக்கேலாது" என்றாள்.

அதற்குப் பிறகு வந்ததுதான் பெரிய பாடு. ஊரையும் நேரத்தையும் சொன்னால் சூரியனைத் தானே கொண்டுவந்து வைக்கும் மென்பொருள் வந்தது. அதன் பட்டியலில் கண்டி இல்லை, கொழும்பைத்தான் கொடுக்கவேண்டும். காலையிலேயே பளிச்சென்று வெயில் அடித்தது. "கண்டிக்கு மலை தாண்டித்தான் வெயில் வரும் எண்டு உதுக்கு ஆர் சொல்லிக்குடுக்கிறது" என்று சிரித்தாள். ஆனால் அந்த மென்பொருள் பொய் சொல்ல விடாது. எல்லாப் பொருளுக்கும் ஒரே சூரியன், ஒரே நியாயம். சைக்கிளை மட்டும் பிரித்தெடுக்க அவள் படாத பாடுபட்டாள். தனியாக ஒரு படம் போட்டு, வெட்டி, அதன் மேல் ஒட்டினாள். "முந்தி சரியா வரப்பண்ணத்தான் பாடு. இப்ப பிழையா வரப்பண்ணப் பாடு" என்று சொல்லிக்கொண்டே செய்வாள். கணினி வேகமாகிப் படம் கண்மூடித் திறக்குமுன் வந்துவிடும் காலத்திலும் அந்த ஒரு நிழலுக்கு அவளுக்கு அரைநாள் போகும்.

உலகம் அவளுக்குக் கொடுத்த மரியாதையைக் கேளுங்கள். கொழும்பில் ஒரு போட்டிக்கு ஹந்தானைப் படத்தை அனுப்பினோம். அடிப்படை ஒளியறிவு இல்லை என்று எழுதித் திருப்பி அனுப்பினார்கள். இணையத்தில் போட்டால், அந்த மென்பொருளை முந்தாநாள் இறக்கியவன் எல்லாம் சைக்கிளைச் சுற்றிச் சிவப்பு வட்டம் போட்டு, "ஆன்ட்டி, நிழலைப் பாருங்க" என்று எழுதினான். எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்கவேண்டும் போல இருக்கும். "யோகா, ஒருக்காவாவது விஷயத்தச் செல்லுங்க. மத்தவன் ஒங்களை முட்டாளுன்னு நினைக்கிறான்" என்று கெஞ்சினேன். "நினைக்கட்டும். பார்த்தவுடன பொய் எண்டு பிடிச்சிட்டாங்கள்தானே? எனக்கு அதுதான் வேணும்" என்றாள். கடைசியில் கம்பனி, இந்தப் பிழையை நிறுத்து அல்லது வேலையை நிறுத்து என்றது. வேலையை நிறுத்திவிட்டு கட்டுக்கலை வீட்டில் இருந்தபடி தனியாகச் செய்தாள். சாகும்வரை அப்படித்தான்.

போர் முடிந்து, இனி எல்லாம் சரி என்று ஊர் சொல்லிக்கொண்டிருந்த காலத்தில்தான் முஸ்லிம்களாகிய எங்கள் பக்கம் எரிந்தது. கண்டிக்குப் பக்கத்துத் திகனையில் என்னுடைய மூத்த அண்ணன், பெரிய நானா, பாத்திரக்கடை வைத்திருந்தார். கலவரக் கும்பல் பட்டப்பகலில் வந்து கொளுத்தியது. அலுமினியச் சட்டிகள் உருகி நிலத்தில் ஓடி உறைந்திருந்தன. ஊரடங்கு தளர்ந்த அன்றே யோகா மடிக்கணினியைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறி வந்தாள். ஆறுதல் வார்த்தை எதுவும் சொல்லாமல் நானாவுக்கு முன்னால் கதிரையைப் போட்டு உட்கார்ந்து, "கடை எந்தப் பக்கம் பார்த்தது? எது எங்க தொங்கினது? சொல்லுங்கோ" என்றாள்.

நானா மெல்ல, "முன்னுக்கு அண்டா. அதுக்கு மேல கெட்டில் வரிசை. காலமைல வெயில் வந்து மொதல்ல அந்தக் கடைசிக் கெட்டில்ட மூக்குலதான் படும். அதப் பாத்துட்டுத்தான் நான் ஷட்டரை முழுசாத் தூக்கிற" என்றார். அதைச் சொல்லும்போது அவருக்கு அழுகை வந்துவிட்டது. எரிந்த அன்றைக்குக்கூட அவர் அழவில்லை. யோகா கடைக்கு எதிரே இருந்த மலையையும் சேர்த்துக் கட்டினாள், வெயில் பிந்தி வருவதற்காக.

படம் முடிந்ததும் காட்டினாள். கடை இருந்தது. ஒவ்வொரு சட்டியும் பக்கத்துச் சட்டியில் தெரிந்தது, கடைசிக் கெட்டிலின் மூக்கில் வெயில் பட்டிருந்தது. நானா கையை நீட்டித் திரையைத் தொட்டார். நான் பழக்கதோஷத்தில் பிழையான நிழலைத் தேடினேன். அண்டா, வாளி, விளக்குமாறு, தராசு, எல்லாம் பார்த்துவிட்டேன். கிடைக்கவில்லை.

"தேடாதையும். இல்லை" என்றாள் யோகா. "இது இருந்த கடை."

அந்தப் பூச்சாடிக்குப் பிறகு அவள் செய்த படங்களில் இன்ஸ்பெக்டர் இல்லாத படம் அது ஒன்றுதான். நானாவின் வீட்டுச் சுவரில் சட்டம் போட்டுத் தொங்குகிறது. நஷ்டம் பார்க்க வந்த அதிகாரி ஒருவர் அதைப் பார்த்து, "நல்ல போட்டோ, எப்ப எடுத்தது?" என்று கேட்டார். நானா அவருக்குத் தேத்தண்ணி கொண்டுவரச் சொன்னார்.

இப்போது சொல்லுங்கள், சைக்கிளின் நிழலைத் திருத்தியது மரியாதையா? பொத்தான் ஒன்றை அமுக்கினால் பிழையைத் தானே கண்டுபிடித்துத் துடைக்கும் மென்பொருள் வந்துவிட்டது. அமுக்குவதற்கு ஒரு கணம்கூடப் போயிருக்காது. அந்த ஒரு அமுக்கில் அவள் ஆயுள் முழுக்கக் காத்த சத்தியத்தைத் துடைத்துவிட்டார்கள். அன்றைக்கு, வேலை செய்தவளை வேலை செய்யவில்லை என்றார்கள். இன்றைக்கு, இல்லாத ஹோட்டலை இருக்கிறது என்கிறார்கள். பொய் சொல்வதில் கம்பனிக்கு வித்தியாசமே இல்லை. உங்கள் இதயமும் வேண்டாம், உங்கள் ஆழ்ந்த அனுதாபமும் வேண்டாம். அந்தப் படத்தை எடுத்துவிடுங்கள்.

இந்தப் புத்தகத்தின் அட்டைக்கு அவளுடைய அசல் படத்தை நான்தான் அச்சகத்துக்கு அனுப்பினேன். நேற்று அச்சகத்திலிருந்து பேசினார்கள். "சேர், அட்டையில சைக்கிள் நிழல் மட்டும் எதிர்ப்பக்கமா விழுது. பார்த்தீங்களா? ரெண்டு நிமிசத்துல நாங்களே சரி பண்ணிடுவோம்."

நான் போட்ட சத்தத்தில் அந்த மனிதர் பயந்துபோனார். பாவம், அவர்மேல் தப்பில்லை. "அப்ப பிழையாவே போடவா சேர்?" என்றார்.

"பிழையாவே போடுங்க" என்றேன்.

யோகாவின் மடிக்கணினியை சுகந்தி என்னிடம் கொடுத்துவிட்டாள். திறந்து பார்த்தேன். முடிக்காமல் விட்ட படம் ஒன்று இருக்கிறது, யாருக்கோ ஒரு வீடு. சுவருக்கு இன்னும் நிறம் கொடுக்கவில்லை, கதவு இல்லை, ஆனால் இன்ஸ்பெக்டர் விளக்கை ஏற்கெனவே வைத்துவிட்டாள். அவளிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அந்த விளக்கைத்தான். அந்த வீட்டை நான் முடிப்பேன், இனி நான் செய்கிற இல்லாத கட்டடம் ஒவ்வொன்றிலும் அந்த விளக்கு எரியும். சிவப்பு வட்டம் போடுகிறவர்கள் போடட்டும்.

படித்து முடித்தவர்கள் இந்தப் புத்தகத்தை மூடி முன் அட்டையைப் பாருங்கள். சைக்கிளின் நிழல் பிழையாக விழுந்திருக்கும். பிறகு பின் அட்டையைத் திருப்பிப் பாருங்கள். அங்கே யோகாவின் புகைப்படம் இருக்கிறது, கட்டுக்கலை வீட்டு முற்றத்தில் காலை வெயிலில் நான் எடுத்தது. வெயில் ஒரு பக்கம், நிழல் மறுபக்கம். அதில் நிழல் சரியாகத்தான் விழுந்திருக்கிறது. அவள் இருந்தாள்.